மறுமொழி: லாந்தனம் ஆக்சிகுளோரைடுக்குத் தமிழ்ச்சொல்

அன்புடையீர்,

செய்முறைக் கையேடு திங்கட்கிழமை அச்சுக்குப் போக வேண்டும் என்பதால்தான் ஒரு சொல் கேட்டேன். இழையோ, குளோரினுக்கு ஐயா முன்வைத்த 'பாசிகம்' என்பதன் வேர்வரை சென்றுவிட்டது. 1810இல் வேதியியலாளர் ஹம்ப்ரி டேவி அந்த வளியின் வெளிர்பச்சை நிறத்தை நோக்கியே குளோரின் எனப் பெயரிட்டார் என்பதால், பாசி, பசுமை, பைங்கிளி என்று ஐயா அடுக்கிய சான்றுகளில் குறையில்லை. ஆனால் என் இடர் வேரில் இல்லை, புணர்ச்சியில் இருக்கிறது.

ஏழு நீர் மூலக்கூறுகள் கொண்ட லாந்தனம் குளோரைடைத் திறந்த மூசையில் சூடாக்கினால் நீர் மட்டும் நீங்குவதில்லை. அந்த நீரே உப்பைத் தாக்குவதால் ஹைட்ரஜன் குளோரைடு மூக்கை அரிக்கும் நெடியுடன் வெளியேறுகிறது. எஞ்சும் வெண்பொடியை நீரிலிட்டால் ஒரு பகுதி கரைய, மற்றது கலங்கலாகவே நிற்கும். அந்தக் கலங்கலுக்குத்தான் பெயர் வேண்டும். அதில் ஒரு லாந்தனத்துக்கு ஓர் ஆக்சைடு அயனியும் ஒரு குளோரைடு அயனியும் தனித்தனியே உள்ளன. ஆக்சிஜனும் குளோரினும் தம்முள் பிணைந்திருப்பது, வெளுக்கப் பயன்படும் சலவைத்தூளில் உள்ள ஹைப்போகுளோரைட்டில். 'ஆக்சிகுளோரைடு' என ஒட்டி எழுதியதைக் கண்டு, சென்ற ஆண்டு என் மாணவர் சிலர் இதைச் சலவைத்தூளின் இனத்தில் சேர்த்தார்கள். ஆக்சிஜனை உயிர்வளி என்றும் குளோரைடைப் பாசிகை என்றும் மாற்றி 'உயிர்வளிப் பாசிகை' என்றாலும் அதே கதைதான்; ஒற்று மிகுந்ததும் உயிர்வளி அடைமொழியாகிவிடுகிறது.

ஆகவே 'லாந்தனம் ஆக்சைடு குளோரைடு' என்று, வெற்றிலைபாக்கைப் போல ஒற்று மிகாத உம்மைத்தொகையாக எழுதலாம் என்பது என் கருத்து. வேதிப்பெயர்களை வரையறுக்கும் பன்னாட்டு அமைப்பான ஐயுபிஏசியின் விதி இத்தகைய எதிரயனிகளை ஆங்கில அகரவரிசையில் நிறுத்துவதால் அங்கே குளோரைடு முந்துகிறது. நம் நெடுங்கணக்கில் ஆகாரம் ககரத்துக்கு முந்தியதுதானே?

*

அம்மா,

வரிசை பற்றிய தங்கள் வாதத்தை ஏற்கிறேன். தொகையை ஏற்க இயலவில்லை. உம்மைத்தொகையை விரித்தால் 'ஆக்சைடும் குளோரைடும்' என்று வரும். குப்பியில் அப்படி எழுதியிருந்தால் ஆய்வக உதவியாளர் இரண்டு உப்புகளின் கலவை என்றே கொள்வார். மேலும், உம்மைத்தொகையில் ஒற்று மிகாது என்றால் இராப்பகலை எங்கே வைப்பீர்கள்? கையேட்டைப் பொறுத்தவரை 'ஆக்சிகுளோரைடு' என்றே அச்சிட்டு, சலவைத்தூளோடு குழப்பாமலிருக்க ஓர் அடிக்குறிப்பு இடுங்கள். பெரும்பாலோர் சோர்ந்துபோய் அதற்கே இசைந்துவிட்டார்கள். நான் பாசிகத்தைக் கைவிடவில்லை. அதைத் தனி இழையில் தொடர்கிறேன்.