மறு: இன்சிடென்ட் – சம்பவமா, நிகழ்வா, நேர்வா?

அனைவருக்கும் வணக்கம்.

இழை நீண்டுகொண்டே போகிறது. இன்சிடென்ட் (incident) என்ற ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழில் நான் முன்மொழிந்த 'நேர்வு' என்ற சொல்லுக்கு வந்த மறுப்புகளுக்கெல்லாம் ஒரே மடலில் பதில் சொல்லிவிடுகிறேன். என் கையில் இருப்பது ஒரு நிறுவனத்தின் அவசரகாலத் திட்ட ஆவணம். பக்கத்துக்குப் பத்து தடவை இன்சிடென்ட் வருகிறது. முதல் வரைவில் சில இடங்களில் 'சம்பவம்', சில இடங்களில் 'நிகழ்வு', களைத்துப்போன ஓர் இரவில் 'விபத்து' என்று எழுதி வைத்திருந்தேன். திருப்பிப் படித்தபோது மூன்று வெவ்வேறு விஷயங்களைப் பற்றிப் பேசுவது போல இருந்தது. அப்போதுதான் இந்த இழையைத் தொடங்கினேன்.

> சம்பவம் எல்லாருக்கும் தெரிந்த சொல். புதுச்சொல் எதற்கு ஐயா?

வடசொல் என்பதற்காக நான் அதை ஒதுக்கவில்லை. 'சம்பவ இடத்துக்கு விரைந்தனர்' என்று நாளிதழில் வந்தால் யாருக்கும் புரியும். கூட்டுச்சொல் ஆக்கும்போதுதான் வம்பு. 'சம்பவத்துக்குப் பொறுப்பேற்றது' என்று செய்தி வந்தால் அது குண்டு வைத்த அமைப்பைப் பற்றியது. அப்படியிருக்க, தீயை அணைக்க ஆள் திரட்டுகிறவரைச் 'சம்பவப் பொறுப்பாளர்' என்று எழுதினால் முதலில் அவரைத்தான் பிடித்துக்கொண்டு போவார்கள். போதாக்குறைக்கு 'சம்பவம் பண்ணிட்டான்' என்ற பேச்சுவழக்கு வேறு. ஒரு பயிற்சி வகுப்பில் 'சம்பவத் திட்டம்' என்று நான் சொல்லி முடிப்பதற்குள் பின்வரிசையில் சிரிப்பு கிளம்பிவிட்டது. எதிரிக்கு நாள் குறிப்பது போல இருந்திருக்க வேண்டும்.

'நிகழ்வு' ஏற்கெனவே ஈவென்ட்டுக்குப் போய்விட்டது. நூல் வெளியீடும் நிகழ்வு, கணினிப் பதிவில் விழும் ஒவ்வொரு வரியும் நிகழ்வு. 'அசம்பாவிதம்' பரிந்துரைத்த அம்மையாருக்கு: நல்ல சொல், எனக்கும் பிடிக்கும். ஆனால் அது பெரும்பாலும் 'அசம்பாவிதம் ஏதுமின்றி' என்ற தொடரில்தான் வாழ்கிறது. நடக்காதபோதுதான் அதற்கு வேலை. அதைவிட, கேடு நடந்து முடிந்துவிட்டது என்ற பொருள் அதில் ஏறி உட்கார்ந்திருக்கிறது. இன்சிடென்ட் அப்படி இல்லை. பாதுகாப்புத் துறைச் சொற்களுக்கான சர்வதேசத் தர ஆவணமான ஐஎஸ்ஓ 22300 தரும் வரையறையைச் சுருக்கிச் சொன்னால், இடையூறாகவோ இழப்பாகவோ அவசரநிலையாகவோ நெருக்கடியாகவோ இருக்கக்கூடிய, அல்லது அவற்றுக்கு இட்டுச்செல்லக்கூடிய நிகழ்வு. அந்தக் 'கூடிய' முக்கியம். வேலையிடப் பாதுகாப்புக்கான ஐஎஸ்ஓ 45001-உம் இதே போக்குதான்: காயம் பட்டாலும் இன்சிடென்ட், படாமல் நூலிழையில் தப்பினாலும் இன்சிடென்ட். மேலிருந்து ஒரு ஸ்பேனர் விழுகிறது, கீழே யாரும் இல்லை. அதையும் பதிவேட்டில் எழுத வேண்டும். அந்தப் பதிவேட்டுக்கு 'அசம்பாவிதப் பதிவேடு' என்று பெயர் வைத்தால், ஒன்றுமே ஆகவில்லையே, எதற்கு எழுதுவது என்று விட்டுவிடுவார்கள். 'விபத்து' என்றாலும் இதே கதி. நாளைக்கு வேறொரு ஸ்பேனர் விழும்போது கீழே ஆள் இருப்பார்.

இனி 'நேர்வு'. இதை நான் தோண்டி எடுத்து வரவில்லை. நம் வாயிலேயே இருக்கிறது. விபத்து நேர்ந்தது என்கிறோம், தவறு நேர்ந்தது என்கிறோம், காலதாமதம் நேர்ந்ததற்கு வருந்துகிறோம். கூட்டம் நேர்ந்தது என்று யாராவது சொல்லிக் கேட்டதுண்டா? திட்டமிட்டது நடக்கும், திட்டமிடாதது நேரும். இன்சிடென்ட்டுக்கு வேண்டிய நுணுக்கம் அந்த வினைச்சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. சின்னதா பெரியதா, கேடு விளைந்ததா இல்லையா என்று அது முன்கூட்டியே தீர்ப்பு எழுதுவதும் இல்லை. சர்வர் படுத்துக்கொண்டாலும் நேர்வு, கிடங்கில் புகை வந்தாலும் நேர்வு. நேர்வுப் பதிவேடு, நேர்வுத் திட்டம், நேர்வு மேலாண்மை என்று ஒட்டிப் பார்த்தேன், முட்டவில்லை.

> இந்நேர்வில், மேற்படி நேர்வில் என்று கோப்புகளில் எழுதுகிறோமே. அங்கே அது கேஸ் (case) அல்லவா?

உண்மை. இரண்டும் ஒரே ஆவணத்தில் மோதுவது அரிது என்பதைத் தவிர இதற்கு என்னிடம் வலுவான பதில் இல்லை. ஏதோ ஒன்று நேர்ந்தது, அதைப் பற்றிக் கோப்பு திறந்தார்கள் என்ற வழியில்தான் அந்தப் பொருளும் வந்திருக்கும் என்பது என் ஊகம். ஊகம்தான்.

> வாக்கிடாக்கியில் கரகரப்புக்கு நடுவே நேர்வு என்றால் தேர்வு என்று கேட்கும்.

இந்த இழையிலேயே கூர்மையான மறுப்பு இதுதான். நான் இரண்டு நாள் யோசித்தேன். வீட்டில் ஒருவரை அடுத்த அறைக்கு அனுப்பி, கதவைச் சாத்திக்கொண்டு சொல்லியும் பார்த்தேன். 'தேர்வா, என்ன தேர்வு?' என்றுதான் பதில் வந்தது. ஆக மறுப்பு செல்லும்.

ஆனால் களத்தில் யாராவது வானொலிக் கருவியில் 'இன்சிடென்ட்' என்று சொல்வார்களா? என்ன ஆயிற்று என்பதை நேரடியாக, எல்லாருக்கும் புரியும்படி சொல்ல வேண்டும் என்பதுதான் இந்தத் துறை அடிபட்டுக் கற்ற பாடம். 1970இல் கலிபோர்னியாவில் காட்டுத்தீ 13 நாள் எரிந்தது. 16 பேர் இறந்தார்கள், சுமார் 700 கட்டடங்கள் போயின. பல துறைகள், பல ஊர்த் தீயணைப்புப் படைகள் சேர்ந்து வந்து நின்றன. ஆனால் ஒருவர் வைத்திருந்த சங்கேத எண்ணும் பதவிப் பெயரும் இன்னொருவருக்குப் புரியவில்லை. யார் பேச்சை யார் கேட்பது என்பதும் தெளிவாக இல்லை. அதற்குப் பிறகு அந்தப் பத்தாண்டிலேயே உருவானதுதான் இன்சிடென்ட் கமாண்ட் சிஸ்டம், அதாவது களத்தில் யார் யாரை வழிநடத்துவது என்று வகுத்துத் தரும் முறை. அதன் அடிப்படைகளில் ஒன்று, எல்லாரும் ஒரே பெயர்களைப் பயன்படுத்த வேண்டும். சங்கேதம் வேண்டாம், வெறும் மொழியில் பேசு என்பது. டேங்கர் என்ற ஒரு சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த முறையில் டேங்கர் என்றால் தீயின்மேல் கொட்டும் விமானம்; தண்ணீர் லாரிக்கு டெண்டர் என்று பெயர். வேறு பல தீயணைப்புப் படைகளுக்கோ டேங்கர்தான் லாரி. லாரி கேட்டவருக்கு விமானமும், விமானம் கேட்டவருக்கு லாரியும் வந்தால் என்ன ஆகும்? கலைச்சொல் விவாதம் வெட்டிவேலை என்று சொல்கிறவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன்.

ஆகவே கருவியில் 'நேர்வு ஏற்பட்டுள்ளது' என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. 'மூன்றாம் மாடி, கிழக்குப் படிக்கட்டு, புகை. இரண்டு பேர் உள்ளே.' அவ்வளவுதான். நேர்வு எழுத்துக்கான சொல். படிவத்தில், திட்டத்தில், பின்னால் நடக்கும் ஆய்வில் வரும். தேர்வு என்று கேட்டுவிடும் ஆபத்து அங்கே இல்லை.

அடுத்து இன்சிடென்ட் கமாண்டர், அதாவது களத்தில் எல்லாரையும் வழிநடத்துகிறவர். 'தளபதி', 'கட்டளையாளர்', 'தலைவர்' என்று மூன்று வந்திருக்கின்றன. தளபதி வேண்டாம் என்பதற்கு ஒரு கதை. நான் பார்த்த ஓர் ஒத்திகை; இடம் வேண்டாம். இரவுப் பணி நேரம். முதலில் வந்து சேர்ந்தவர் காவலாளி. திட்டப்படி முதலில் வருபவரே பொறுப்பை ஏற்க வேண்டும், மூத்தவர் வந்தாலும் நிலைமையை விளக்கி முறையாக ஒப்படைக்கும் வரை அவர் சொல்வதுதான் செல்லும். பெட்டியில் மஞ்சள் மேலங்கி இருந்தது, முதுகில் பெரிதாகத் 'தளபதி' என்று அச்சிட்டிருந்தார்கள். அவர் எடுத்தார், எழுத்தைப் பார்த்தார், திருப்பி மடித்து வைத்துவிட்டார். மேலாளர் வந்து சேர இருபது நிமிடம் ஆயிற்று. அதுவரை அந்த அங்கியை யாரும் போடவில்லை. யாரிடம் கேட்பது என்று தெரியாமல் எல்லாரும் வாசலில் நின்றோம். பிறகு கேட்டதற்கு, 'அது பெரியவங்களுக்கானது இல்லையா?' என்றார். அவர்மேல் தப்பே இல்லை. சொல்தான் அவரைத் தடுத்தது. 'தலைவர்' என்று இருந்தாலும் அதே கதைதான் நடந்திருக்கும். கட்டளையாளரைப் போட்டால் முதுகு போதாது.

அதனால்தான் 'பொறுப்பாளர்'. பொறுப்பை ஏற்கலாம், ஒப்படைக்கலாம், மாற்றலாம். கமாண்ட் கைமாறுவதைச் சொல்ல வினைச்சொற்கள் தயாராக இருக்கின்றன. இதற்கும் ஒரு நண்பர் மறுப்பு அனுப்பியிருக்கிறார்: பொறுப்பு என்றால் பழியும்தானே, நேர்வுக்குக் காரணமானவர் என்று ஆகிவிடாதா என்று. சம்பவத்துக்கு நான் சொன்ன அதே குறையை என் சொல் மேலேயே திருப்பிவிட்டார். கொஞ்சம் உறைக்கத்தான் செய்தது. ஆனால் வேற்றுமையைக் கவனியுங்கள். 'இதற்கு யார் பொறுப்பு' என்றால் பழி. 'இங்கே யார் பொறுப்பு' என்றால் யாரைக் கேட்க வேண்டும் என்பது. 'கு' உருபு வந்தால்தான் வம்பு. 'நேர்வுப் பொறுப்பாளர்' என்ற தொகையில் அந்தக் 'கு' ஒளிந்திருக்கலாம் என்று அவர் சொன்னால், ஒளிந்திருக்கலாம்தான்.

எமர்ஜென்சிக்கு அவசரநிலையே இருக்கட்டும். நெருக்கடியைக் கிரைசிஸுக்கு விட்டுவிடலாம். 1975இல் இந்தியாவில் அறிவித்த எமர்ஜென்சி நினைவு வருகிறது என்கிறார்கள். வரட்டும், இரண்டு சொல்லிலுமே வரும். ட்ரில்லுக்கு ஒத்திகை, மேடையிலிருந்து வந்த சொல்லை யாரும் மறுக்கவில்லை என்பதே நிம்மதி. ட்ரயாஜை (காயம்பட்டவர்களில் யாரை முதலில் கவனிப்பது என்று தரம்பிரிப்பதை) இங்கே இழுக்க வேண்டாம், அதற்குத் தனி இழை வேண்டும்.

சரி, இப்போதைக்கு நான் செய்யப்போவது இது. ஆவணத்தில் 'நேர்வு', 'நேர்வுப் பொறுப்பாளர்' என்றே எழுதி, முதல் பக்கத்தில் வரையறையையும் போட்டுவிடுகிறேன். மேலங்கியின் முதுகில் 'பொறுப்பாளர்' என்ற ஒற்றைச் சொல் மட்டும். எழுத்துருவைப் பெரிதாக வைக்கவும் இடம் கிடைக்கிறது. அச்சுக்கு வெள்ளிக்கிழமை போகிறது. மறுப்பு இருப்பவர்கள் அதற்குள் எழுதுங்கள்.