குழுவிலிருந்து நீக்கிவிட்டார்கள்

அம்மா: மூன்று நாளாக இவன் முகமே சரியில்லை. நேற்று ராத்திரிதான் விஷயம் தெரிந்தது. திக்கிப் பேசுகிற ஒரு பையனின் குரலைப் பதிவு செய்து வகுப்புக் குழுவில் போட்டிருக்கிறார்கள், எல்லாரும் சிரித்திருக்கிறார்கள், இவன் "அழித்துவிடுங்கள்" என்று எழுதியதும் இவனையே குழுவிலிருந்து நீக்கிவிட்டார்கள்.

நான்: அம்மா, இதை ஏன் நம் குடும்பக் குழுவில் போட்டாய்?

அத்தை: நாங்கள் உன் ஆட்கள்தானே கண்ணா. ஆனால் பேசாமல் இருந்திருக்கலாமே, வருஷம் முழுக்க அவர்களோடுதானே உட்கார வேண்டும்?

நான்: முதலில் நானும் சிரிப்பு எமோஜி போட்டேன் அத்தை. ராத்திரி தூக்கமே வரவில்லை. அதற்கப்புறம்தான் எழுதினேன்.

மாமா: அதற்காக உன்னையே திட்டிக்கொள்ளாதே. 1950களில் சாலமன் ஆஷ் என்ற உளவியலாளர் ஒரு சோதனை செய்தார். ஒரு கோட்டைக் காட்டி, பக்கத்தில் இருக்கும் மூன்றில் எது அதே நீளம் என்று கேட்பார், பார்த்தாலே தெரியும், ஆனால் அறையில் ஒருவரைத் தவிர மற்ற எல்லாரும் அவர் ஏற்பாடு செய்த ஆட்கள், வேண்டுமென்றே தப்பாகச் சொல்வார்கள். சோதனைக்கு வந்த கல்லூரி மாணவர்களில் நான்கில் மூன்று பேர் ஒரு தடவையாவது கூட்டத்தோடு சேர்ந்து தப்பாகச் சொன்னார்கள். வெறும் கோட்டுக்கே அப்படி.

மாமா: இன்னொன்று. கூட்டத்தில் ஒரே ஒருவரைச் சரியாகச் சொல்ல வைத்தபோது அந்தத் தப்பு கால் பங்காகக் குறைந்துவிட்டது. நீ அந்த ஒருவன்.

அக்கா: தனியாக யாராவது மெசேஜ் அனுப்பினார்களா?

நான்: ரெண்டு பேர். "நீ சொன்னது சரிடா" என்று. குழுவில் வாயே திறக்கவில்லை.

அக்கா: அவர்கள் மேல் கோபப்படாதே, பயந்திருப்பார்கள், நீயும் முதலில் பயந்தவன்தானே. நாளைக்கு அவர்களோடு போய் உட்கார்.

அம்மா: நான் பள்ளிக்கு வந்து பேசட்டுமா?

நான்: வேண்டாம்மா.

அக்கா: வகுப்பாசிரியருக்குத் தெரிய வேண்டும் சித்தி, அந்தப் பதிவு இன்னும் சுற்றிக்கொண்டுதானே இருக்கிறது. ஆனால் முதலில் அந்தப் பையனைக் கேட்க வேண்டும். அவன் குரல் அது. தம்பி, அவனோடு பேசினாயா?

நான்: இல்லை அக்கா. நானும் சிரித்ததை அவன் பார்த்திருப்பான்.

அக்கா: அதையே சொல்லிப் பேசு.

நான்: கூப்பிட்டேன், எடுக்கவில்லை. அப்புறம் அவனே கூப்பிட்டான். சிரிப்பு எமோஜி போட்டதற்கு மன்னிப்புக் கேட்டேன். நாளைக்கு ரெண்டு பேரும் சேர்ந்து ஆசிரியரிடம் போகிறோம், அம்மா வர வேண்டாம்.

அம்மா: சரி. வாசல் வரைக்கும் வருகிறேன்.