சென்னை வழக்கு: நீதிமன்றத்தின் இட வரம்பை (jurisdiction) முதலில் முடிவு செய்யச் சொல்லலாமா?

வணக்கம். குழுவில் தமிழ்நாட்டு வழக்கறிஞர்களோ, ஊரில் சிவில் வழக்கு நடத்தியவர்களோ இருந்தால் தயவுசெய்து வழி சொல்லுங்கள்.

காரைக்குடியில் இருக்கும் அப்பா மீது பணம் கேட்டுச் சென்னையில் வழக்குப் போட்டிருக்கிறார்கள். ஒப்பந்தம் கையெழுத்தானதும் காரைக்குடியில்தான். வாதியோ, ஒரு தவணையைச் சென்னையில் கொடுத்தேன் என்கிறார். வழக்குரையில் (plaint) அதற்குத் தேதியும் இல்லை, எந்த இடம் என்றும் இல்லை. அப்பாவுக்கு வயது 78. சாட்சி சொல்ல அவரைச் சென்னைக்கு அலைய வைக்க மனசு வரவில்லை. நான் சிங்கப்பூரில், ஈசூனில் இருந்துகொண்டு போனிலேயே எல்லாம் பார்க்கிறேன்.

சென்னை நீதிமன்றத்துக்கு வரம்பு இல்லை என்று எதிருரையில் (written statement) ஆட்சேபனை எழுதிவிட்டோம். எழுவினா (நீதிமன்றம் தீர்க்க வேண்டிய கேள்விகள், issues) இன்னும் வனையவில்லை, ஆகவே இட ஆட்சேபனையைத் தொடக்கத்திலேயே எழுப்பச் சொல்லும் உரிமையியல் நடைமுறைச் சட்டப் (CPC) பிரிவு 21 தடையாகாது என்று நினைக்கிறேன்.

குழப்பம் அதே சட்டத்தின் கட்டளை (Order) 14 விதி 2இல்தான். 1976 திருத்தத்துக்குப் பிறகு எல்லா எழுவினாவையும் சேர்த்தே முடிப்பதுதான் பொது விதி. வரம்பு அல்லது சட்டத் தடை பற்றிய சட்டக் கேள்வியை மட்டும் முதலில் எடுக்கலாம். பணம் எங்கே கைமாறியது என்பதோ சாட்சியம் வேண்டிய விஷயம். வரம்பு ஆட்சேபனையை முதலில் தீர்க்கச் சொன்ன மகாராஷ்டிரத்தின் 9ஏ பிரிவு பற்றிய நுஸ்லி வாடியா வழக்கில்கூட, சட்டமும் உண்மையும் கலந்த கேள்வியை முதனிலையில் தீர்க்க முடியாது என்றுதான் 2019இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

அப்படியானால் கட்டளை 7 விதி 10இன்கீழ் வழக்குரையைச் சரியான நீதிமன்றத்தில் போடும்படி வாதியிடம் திருப்பித் தரக் கேட்பது மேலா? யாராவது இப்படி மனுப் போட்டிருக்கிறீர்களா? விசாரணை வரைக்கும் போனால், அப்பாவைக் காரைக்குடியிலேயே விசாரிக்க ஆணையர் நியமிப்பார்களா?