கறந்த பாலைக் காய்ச்சாமல் குடிக்கலாமா?

மேய்ச்சல்காரன்:
நாட்டு மாடுகள் வைத்திருக்கிறேன். காலையில் கறந்ததைக் கண்ணாடிப் பாட்டிலில் ஊற்றி நேராக வீடுகளுக்குக் கொடுக்கிறோம். அப்படியே குடிக்கலாம் என்றுதான் வாங்குபவர்களிடம் சொல்கிறேன். சூடேற்றினால் நொதிகள் அழிந்துவிடும், வைட்டமின் போய்விடும். பாக்கெட் பாலைச் சும்மா வைத்துப் பாருங்கள், தயிராகாது, நாறத்தான் செய்யும். செத்த பால் என்பதற்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

கால்நடை ஊழியன்:
நொதி அழிவது உண்மைதான். பாஸ்பட்டேஸ் என்ற நொதி அழிந்துவிட்டதா என்று பார்த்துத்தான் பால் சரியாகப் பதப்படுத்தப்பட்டதா என்பதையே சோதிக்கிறார்கள். நமக்குப் பால் செரிக்க அந்த நொதி தேவையில்லை. 63 டிகிரி செல்சியஸில் 30 நிமிடம், அல்லது 72 டிகிரியில் 15 விநாடி. பாஸ்டரைசேஷன் என்பது இவ்வளவுதான். கால்சியமும் புரதமும் அப்படியே இருக்கும். வைட்டமின் சி கொஞ்சம் குறையும். அதற்காகப் பால் குடிப்பவர் யார்? நெல்லிக்காய் தின்னலாமே.

ஒன்று கேட்கிறேன். உங்கள் கிடேரிக் கன்றுகளுக்கு 4 முதல் 8 மாத வயதுக்குள் கன்று வீச்சு நோய்த் தடுப்பூசி போட்டீர்களா? அந்த நோயின் கிருமியான புருசெல்லா பாலில் இறங்கும். மாட்டைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. மனிதருக்கு வந்தால் விட்டுவிட்டுக் காய்ச்சல், மூட்டுவலி, மாதக்கணக்கில் படுக்கை.

மேய்ச்சல்காரன்:
சில கன்றுகளுக்குப் போட்டிருக்கிறேன். என் தாத்தா மடியிலிருந்து பீய்ச்சிய நுரைப்பாலைக் குடித்தே தொண்ணூறைத் தாண்டினார். ஐரோப்பாவில் பண்ணைப் பால் குடித்த குழந்தைகளுக்கு ஆஸ்துமா குறைவு என்று ஆய்வே இருக்கிறது. அதை ஏன் சொல்லமாட்டேன் என்கிறீர்கள்?

கால்நடை ஊழியன்:
சொல்கிறேன். ஐந்து ஐரோப்பிய நாடுகளின் குழந்தைகளை ஆராய்ந்து 2007இல் வெளிவந்தது. நோய்க்கிருமிகள் இருக்கக்கூடும் என்பதால் பச்சைப்பாலைப் பரிந்துரைக்க முடியாது என்று அதே ஆய்வாளர்கள் அதிலேயே எழுதியிருக்கிறார்கள். அந்த வரி மட்டும் பாட்டில் விற்பவர்கள் கண்ணில் படுவதே இல்லை. தாத்தாவுக்கு என் வணக்கம். நுரைப்பால் ஒத்துக்கொள்ளாமல் சின்ன வயதிலேயே போனவர்களுக்குப் பெருமை பேசப் பேரன்கள் இல்லை.

பழைய ஏடு:
மத்தியதரைக் கடலிலுள்ள மால்டா தீவில் ஆடுகளை வீடு வீடாக ஓட்டிப்போய் வாசலிலேயே கறந்து கொடுப்பார்கள். கண்ணெதிரே கறந்த பால், கலப்படம் இல்லை என்று எல்லோருக்கும் நம்பிக்கை. அங்கிருந்த பிரிட்டிஷ் படைவீரர்களோ காய்ச்சலில் விழுந்துகொண்டே இருந்தார்கள். 1887இல் டேவிட் புரூஸ் என்ற பிரிட்டிஷ் படை மருத்துவர் அந்தக் காய்ச்சலின் கிருமியைக் கண்டுபிடித்தார். இன்று புருசெல்லா என்று சொல்வது அதைத்தான். அது எங்கிருந்து வருகிறது என்று தெரிய 1905 ஆயிற்று. தெமிஸ்டோக்ளிஸ் சம்மித் என்ற மால்டா மருத்துவர், நோயின் அறிகுறியே இல்லாத ஆடுகளிடம் அதைக் கண்டார். 1906இல் படையினருக்கு ஆட்டுப்பால் நிறுத்தப்பட்டது, காய்ச்சல் மளமளவென்று இறங்கியது. ஊர்மக்கள் வாசல் பாலை விடவில்லை, காய்ச்சலும் அவர்களை விடவில்லை. பால் பதப்படுத்தும் நிலையம் அங்கே வந்தது 1938இல்தான்.

மேய்ச்சல்காரன்:
அது ஆடு. நான் மாட்டைப் பற்றிப் பேசுகிறேன்.

கால்நடை ஊழியன்:
மாட்டுக்கும் அதே குடும்பத்துக் கிருமி உண்டு ஐயா.

டெக்ஸாஸ் தமிழன்:
இங்கே அமெரிக்காவில் பச்சைப்பாலை மாநில எல்லை தாண்டி விற்க 1987 முதல் தடை. மாநிலத்துக்குள் விற்பது அந்தந்த மாநிலச் சட்டப்படி. சிகரெட்டை விற்கலாம், பாலை விற்கக் கூடாதா? ஆபத்தை அறிந்து வாங்குபவரை ஏன் தடுக்க வேண்டும்?

கால்நடை ஊழியன்:
வாங்குபவர் அறிவார், சரி. அவர் வீட்டு இரண்டு வயதுக் குழந்தை? உங்கள் நாட்டிலேயே 2024இல் கறவை மாடுகளுக்குப் பறவைக் காய்ச்சல் வந்தது. வைரஸ் பாலில் இருந்தது. பச்சைப்பால் குடித்த பண்ணைப் பூனைகள் செத்தன. பதப்படுத்தும் சூட்டில் அந்த வைரஸ் செயலிழந்துவிடுகிறது.

மீனாட்சி அக்கா:
காய்ச்சாத பால் நம் பாரம்பரியம் என்று யார் கிளப்பிவிட்டார்கள்? புதுவீடு புகுந்தால் முதலில் என்ன செய்கிறோம்? பால் காய்ச்சுகிறோம்! அப்புறம் தம்பி மேய்ச்சல்காரனுக்கு: வீட்டில் காய்ச்சிய நாட்டு மாட்டுப் பாலும் தானாகத் தயிராகாது. அதற்குத்தான் உறைமோர். நான் நீல பாக்கெட்டைக் காய்ச்சி ஆறவைத்து ஒரு கரண்டி மோர் விடுகிறேன், கட்டித் தயிர் வருகிறது. செத்த பாலில் எப்படி வரும்?

எனக்கும் ஒரு கேள்வி. பாக்கெட் பாலைக் காய்ச்சத்தான் வேண்டுமா?

கால்நடை ஊழியன்:
குளிர்ச்சி கெடாமல் வந்திருந்தால் தேவையில்லை அக்கா. விடியற்காலையில் கடைவாசலில் பெட்டி பெட்டியாகக் கிடந்ததை வாங்கினால் ஒருமுறை பொங்க விடுங்கள். திரும்பத் திரும்பச் சுடவைக்க வேண்டாம்.

மேய்ச்சல்காரன்:
காய்ச்சிக் குடியுங்கள் என்று பாட்டிலில் ஒட்டினால், பாக்கெட்டைவிட இரண்டு மடங்கு விலை எதற்கு என்று கேட்பார்களே!

மீனாட்சி அக்கா:
தண்ணீர் கலக்காததற்கும் ஆடை கட்டுவதற்கும் தருவேன் தம்பி. பச்சையாகக் குடிப்பதற்குத் தரமாட்டேன்.

மேய்ச்சல்காரன்:
என் மாடுகளுக்கு அந்த நோய் இல்லை என்று சோதனையில் வந்துவிட்டால்?

கால்நடை ஊழியன்:
பாலை வைத்தே அந்த நோயைக் கண்டறியும் பால் வளையச் சோதனை என்று ஒன்று இருக்கிறது, கால்நடை மருத்துவரிடம் கேளுங்கள். சுத்தம் என்று வந்தாலும் காய்ச்சத்தான் வேண்டும். சாணத்திலிருந்து வரும் ஈ.கோலை என்ற கிருமி இன்று இல்லாமல் நாளை இருக்கும்.

மேய்ச்சல்காரன்:
பிறகு சோதனை எதற்கு?

கால்நடை ஊழியன்:
உங்களுக்காக. கன்று ஈனும்போது வெறுங்கையால் நஞ்சுக்கொடியை எடுப்பவர் நீங்கள்தானே? கன்று வீச்சு நோய் பால் வழியாக மட்டும் வருவதில்லை.