பதினோரு மாத மகள் அம்மாயியிடமே ஒட்டிக்கொண்டாள். என்னிடம் பிணைப்பு வருமா?

பொன்னம்மாப்பேட்டைப்பெண் கேட்டது:

எனக்கு ஓசூரில் வேலை. இருபத்தாறு வாரப் பேறுகால விடுப்பு முடிந்ததும் மகளைச் சேலத்தில் என் அம்மாவிடம், அதாவது அவளுடைய அம்மாயியிடம், விட்டுவிட்டுத் திரும்பினேன். வெள்ளி இரவு பஸ் பிடித்து வருவேன், ஞாயிறு மாலை கிளம்பிவிடுவேன். கணவருக்கு ஷிப்ட் வேலை, எல்லா வாரமும் வர முடியாது. இப்போது அவளுக்குப் பதினோரு மாதம்.

நான் வீட்டுக்குள் நுழைந்தால் என்னைப் பார்த்துச் சிரிக்கிறாள். கை நீட்டினால் அம்மாயியின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொள்கிறாள். எதிர்வீட்டு அத்தைக்கும் இதே மரியாதைதான் கிடைக்கிறது. சனிக்கிழமை மதியத்துக்குள் பழகிவிடுகிறாள், என் மடியில் உட்கார்ந்துதான் சாப்பிடுகிறாள். ஆனால் ஞாயிறு மாலை வந்ததும் அம்மா, "நீ கொல்லைப்பக்கமாகப் போய்விடு, நான் மாடியில் காக்கா காட்டுகிறேன்" என்று அவளைத் தூக்கிக்கொண்டு மேலே போய்விடுவார். நான் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு திருடியைப் போலத் தெருமுனை வரை நடக்கிறேன்.

போதாக்குறைக்கு நாத்தனார் ஒரு காணொளி அனுப்பியிருக்கிறார். முதல் ஆயிரம் நாளில் எல்லாம் முடிவாகிவிடுமாம். அப்போது தாய் பக்கத்தில் இல்லாத பிள்ளைக்குப் பிற்காலத்தில் எந்த உறவும் நிலைக்காதாம்.

அடுத்த மாதம் அவளை ஓசூருக்கு அழைத்துக்கொள்ளலாம் என்று இருக்கிறோம். என் நிறுவனத்திலேயே குழந்தைகள் காப்பகம் இருக்கிறது. அம்மாயியிடம் இவ்வளவு ஒட்டிய பிள்ளைக்கு என்னிடமும் அந்தப் பிணைப்பு வருமா? பிரித்து அழைத்துப் போனால் அவள் மனம் உடைந்துவிடுமா? இன்னும் கொஞ்ச காலம் அங்கேயே விட்டுவைப்பதா? தயவுசெய்து "வேலையை விட்டுவிடு" என்று மட்டும் எழுதாதீர்கள். வீட்டுக் கடன் இருவர் பெயரிலும் இருக்கிறது.

ஆறாம்தறி எழுதியது:

அம்மணி, நாங்கள் அம்மாப்பேட்டை நெசவுக் குடும்பம். என் அம்மா காலையில் தறிக்குழியில் இறங்கினால் பொழுது சாயும்போதுதான் ஏறுவார். தொட்டில் பக்கத்திலேயே உத்தரத்தில் தொங்கும். பிள்ளை அழுதால் ஒரு கை தறியில் இருக்கும், மறு கை தொட்டில் கயிற்றை இழுக்கும். நாங்கள் ஐந்து பேரும் அப்படி வளர்ந்தவர்கள்தான். ஒருவரும் கெட்டுப்போகவில்லை. இந்த ஆராய்ச்சியெல்லாம் பச்சைப் பிள்ளையைத் தனி அறையில் படுக்கவைக்கும் வெள்ளைக்காரர் ஊருக்குப் பொருந்தும். நமக்கு எதற்கு? அம்மாயி இருக்கும்போது காப்பகம் தேவையே இல்லை. பள்ளியில் சேர்க்கும் வரை அங்கேயே இருக்கட்டும்.

மிளகுக்கொடி எழுதியது:

நான் ஏற்காட்டுக்காரி. என் அம்மா அங்கே ஒரு காப்பித் தோட்டத்துக் குழந்தைகள் காப்பகத்தில் ஆயாவாக இருந்தவர். நான் சேலத்தில் செவிலியர் மாணவிகளுக்குக் குழந்தை நலம் கற்பிக்கிறேன். அந்தக் காணொளியை முதலில் அழித்துவிடுங்கள், தங்கை. பிறகு பேசுவோம்.

இந்தப் பேச்சுக்கெல்லாம் மூலம் ஜான் பவுல்பி என்ற பிரிட்டிஷ் மனநல மருத்துவர். போருக்குப் பிறகு வீடும் குடும்பமும் இழந்த குழந்தைகளைப் பற்றி உலக சுகாதார நிறுவனத்துக்காக 1951இல் ஓர் அறிக்கை எழுதினார். குழந்தைக்கு இடைவிடாத, நெருக்கமான உறவு ஒன்று வேண்டும் என்றார். யாரோடு? தாயோடு, அல்லது தாயின் இடத்தில் நிலையாக இருப்பவரோடு. காணொளி எடுப்பவர்கள் அந்த "அல்லது"க்குப் பிறகு படிப்பதே இல்லை. உங்கள் மகளுக்கு அப்படி ஒருவர் கிடைத்திருக்கிறார், அவர் உங்கள் அம்மா. அம்மாயியின் தோளில் முகம் புதைக்கிறாள் என்றால், ஒருவரை நம்பத் தெரிந்துகொண்டாள் என்று பொருள். உங்களிடம் வராமல் போவதற்கு அது அடையாளம் இல்லை.

கிளாஸ்கோ நகரில் 60 குழந்தைகளை மாதாமாதம் வீட்டுக்கே போய்ப் பார்த்து, ஷாஃபர், எமர்சன் என்ற இருவர் 1964இல் எழுதினார்கள். பெரும்பாலான குழந்தைகள் ஒன்றரை வயதுக்குள் ஒருவருக்கு மேற்பட்டவரிடம் ஒட்டியிருந்தார்கள்: அப்பா, பாட்டி, அண்டை வீட்டுக்காரர்கூட. பால் கொடுத்தவரிடமோ நாள் முழுக்க உடனிருந்தவரிடமோதான் ஒட்டுவார்கள் என்பதில்லை. அழைத்தால் திரும்பிப் பார்த்தவரிடம், கூட விளையாடியவரிடம் ஒட்டினார்கள். பாசத்துக்கு ஒரே இருக்கைதான் உண்டு, அதில் அம்மாயி உட்கார்ந்துவிட்டார் என்று நினைக்காதீர்கள்.

எட்டாம் மாதத்தை ஒட்டிப் புதுமுகம் கண்டால் மிரள்வதும், பழகியவர் எழுந்து போனால் அழுவதும் தொடங்கும். ஒரு வயது தாண்டிய சில மாதங்கள் வரை அது உச்சத்தில் இருக்கும். வெள்ளி இரவு ஒதுங்குகிறவள் சனி மதியம் உங்கள் மடியில் உட்கார்ந்து சாப்பிடுகிறாளே, அதுதான் எனக்குப் பெரிய செய்தியாகத் தெரிகிறது. அதை நீங்கள் போகிற போக்கில் எழுதிவிட்டீர்கள்.

இனி அந்தக் காக்கா விஷயம். இதில் எனக்குக் கோபமே உண்டு. நவம்பரில் காப்பிப் பழம் பறிக்கத் தொடங்கினால் அதிகாலைப் பனியிலேயே பெண்கள் பிள்ளைகளைக் கொண்டுவந்து விடுவார்கள். பிள்ளையை விளையாட்டுக் காட்டி ஏமாற்றிவிட்டு நழுவ என் அம்மா ஒருத்தியையும் விட்டதில்லை. "சொல்லிவிட்டுப் போ. அழட்டும், நான் பார்த்துக்கொள்கிறேன்" என்பார். சொல்லிவிட்டுப் போன தாயின் பிள்ளை அப்போது அலறும், கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும். நழுவிப் போனவளின் பிள்ளையோ அன்று பகல் முழுக்க வாசலையே பார்த்துக்கொண்டிருக்கும், ஆயா தண்ணீர் எடுக்க எழுந்தாலும் காலைக் கட்டிக்கொள்ளும். யார் எப்போது மாயமாகப் போவார்கள் என்று அதற்குத் தெரியாதே!

இன்னொன்றும் செய்வார். தொட்டில் கட்டத் தாய் உடுத்தி அவிழ்த்த சேலையைத்தான் கேட்பார். துவைத்ததைக் கொண்டுவந்தால் திருப்பி அனுப்பிவிடுவார். எந்தப் புத்தகத்திலும் படித்ததில்லை அவர்.

ஆறாம்தறி ஐயாவுக்கு: மேரி எயின்ஸ்வொர்த் என்ற உளவியலாளர் இந்தப் பிணைப்பு ஆராய்ச்சியைத் தொடங்கியது வெள்ளைக்காரர் ஊரில் அல்ல, உகாண்டாவில். 1954-55இல் கம்பாலாவை ஒட்டிய கிராமங்களில் 26 குடும்பங்களை வீடு வீடாகப் போய்ப் பார்த்தார். தன் பிள்ளை எப்போது சிணுங்கும், எதற்குச் சிரிக்கும் என்று நுணுக்கமாகச் சொல்லத் தெரிந்த தாய்மாரின் பிள்ளைகள்தான் அச்சமின்றி இருந்ததைக் கவனித்தார். பிறகுதான் அமெரிக்காவின் பால்டிமோரில், தாயை அறையிலிருந்து சிறிது நேரம் வெளியே அனுப்பி, திரும்பி வரும்போது ஒரு வயதுப் பிள்ளை என்ன செய்கிறது என்று பார்க்கும் சோதனையை வகுத்தார். பிரியும்போது அழுகிறதா என்பதைவிட, திரும்பி வந்தவரிடம் போய்த் தேறுகிறதா என்பதைத்தான் அதில் முக்கியமாகப் பார்ப்பார்கள். எட்டு நாடுகளில் நடந்த இத்தகைய சோதனைகளை 1988இல் ஒன்றாகச் சேர்த்துப் பார்த்தபோது, நாட்டுக்கு நாடு இருந்த வேறுபாட்டைவிட ஒரே நாட்டுக்குள் இருந்த வேறுபாடுதான் அதிகம். உங்கள் அம்மா கயிற்றை இழுத்தாரே ஐயா, பிள்ளை குரல் கொடுத்ததும் பதில் போனதே, இந்த ஆராய்ச்சிக்காரர்கள் தேடியதும் அதைத்தான்.

காப்பகம் என்றாலே பயப்பட வேண்டியதில்லை. அமெரிக்காவில் 1,300க்கும் அதிகமான குழந்தைகளைப் பிறந்ததிலிருந்து தொடர்ந்து பார்த்த ஓர் ஆய்வு, காப்பகத்தில் விடுவதால் மட்டுமே தாயுடனான பிணைப்பு கெடுவதில்லை என்று 1997இல் சொன்னது. தாயின் கவனிப்பும் குறைந்து, காப்பகமும் மோசமாக இருந்தால்தான் சிக்கல் கூடியது.

உங்கள் அம்மா சில வாரம் ஓசூர் வந்து இருக்க முடியுமானால் இப்போதே அழைத்துக்கொள்ளுங்கள். முடியாது என்றால், பேச்சு நன்றாகப் புரியும் வயது வரை பொறுப்பேன். இந்த வயதில் அம்மாயி, வீடு, தெரு எல்லாவற்றையும் ஒரே நாளில் பிடுங்குவது எனக்குச் சம்மதமில்லை. அவர் வந்தாலும் குளிப்பாட்டுவது, ஊட்டுவது, தூங்கவைப்பது என்று ஒவ்வொன்றாக உங்கள் கைக்கு மாற வேண்டும். அவர் அதே அறையில் சும்மா உட்கார்ந்திருக்கட்டும். பாட்டிமாருக்கு அதுதான் கடினம், என் அம்மாவையே பார்த்திருக்கிறேன்.

கொலுசுப்பட்டறை எழுதியது:

செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளி வேலை செய்கிறோம். பெற்றோர் கைவிடும் பெண் குழந்தைகளை அரசே ஏற்கும் தொட்டில் குழந்தைத் திட்டம் 1992இல் நம் சேலத்தில்தான் முதலில் தொடங்கியது, மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். நாங்கள் அதற்கு வெகு காலம் கழித்து, சட்டப்படி ஒரு மகளைத் தத்தெடுத்தோம். குழந்தைகள் இல்லத்திலிருந்து வரும்போது அவளுக்கு ஒன்றரை வயது.

பட்டறைக்கு வரும் வியாபாரி யாராக இருந்தாலும் கையைத் தூக்கிக்கொண்டு ஓடுவாள், தூக்கினால் போய்விடுவாள். ஊரே, "எவ்வளவு நல்ல பிள்ளை, முகம் பார்க்காமல் வருகிறாள்" என்று புகழ்ந்தது. கீழே விழுந்தால் அழ மாட்டாள், எழுந்து போய்விடுவாள். அதையும் புகழ்ந்தார்கள். என் மனைவிக்கு மட்டும் அது பிடிக்கவில்லை. வீட்டுக்கு வருகிறவர்களிடம், "கொஞ்ச நாளைக்கு நாங்கள் இருவர் மட்டுமே அவளைத் தூக்குகிறோம், கோபித்துக்கொள்ளாதீர்கள்" என்று கும்பிட்டுச் சொன்னாள். என் சொந்த அக்காவே ஒரு தீபாவளிக்கு வரவில்லை.

ஒரு நாள் படியில் தடுக்கி முட்டியில் சிராய்ப்பு. தெருவே திரும்பிப் பார்க்கும்படி கத்திக்கொண்டு, பட்டறையில் இருந்த நான்கு பேரையும் தாண்டி, சமையலறையில் இருந்த அவள் அம்மாவிடம் ஓடினாள். நாங்கள் அன்று பாயசம் வைத்தோம். அக்கம்பக்கத்துக்கு அது புரியவில்லை. இப்போது ஏழாம் வகுப்பு. புது ஆசிரியரிடம் பழக இன்னமும் நாளாகும், தோழிகள் இரண்டே பேர், ஆனால் அந்த இருவரோடும் நெருக்கம் அதிகம். உங்கள் மகளுக்குத் தொடக்கத்திலேயே தோள் கிடைத்திருக்கிறது, அம்மா. நீங்கள் கவலைப்படுவதைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருக்கிறது.

மிளகுக்கொடி எழுதியது:

கொலுசுப்பட்டறை அண்ணா, உங்கள் மனைவியைப் பற்றிய இந்தப் பதிவை என் வகுப்பில் படித்துக் காட்ட அனுமதி வேண்டும். யாரிடமும் போகிற பழக்கமும், வலித்தாலும் ஆள் தேடாததும் இல்லங்களில் வளர்ந்த குழந்தைகளிடம் பல நாடுகளில் காணப்பட்டவை. ருமேனியாவின் புக்கரெஸ்டில் 2000களின் தொடக்கத்தில், இல்லங்களில் இருந்த 136 குழந்தைகளில் பாதிப் பேரை வளர்ப்புக் குடும்பங்களுக்கு அனுப்பிப் பல ஆண்டுகள் தொடர்ந்தார்கள். குடும்பத்துக்குப் போனவர்கள் அறிவிலும் பிணைப்பிலும் முன்னேறினார்கள். இரண்டு வயதுக்கு முன் போனவர்களுக்குப் பலன் கூடுதல்.

ஆக, முதல் ஆண்டுகள் முக்கியம்தான். அதை மறுக்கவில்லை. அமெரிக்காவின் மினசோட்டாவில் 1970களின் நடுவில் தொடங்கி, ஏழைத் தாய்மாரின் பிள்ளைகளைப் பெரியவர்களாகும் வரை பின்தொடர்ந்த ஆய்வில், குழந்தையில் நல்ல பிணைப்பு இருந்தவர்கள் பள்ளியில் மற்ற பிள்ளைகளோடு சேர்வதிலும் தானாக ஒன்றைச் செய்வதிலும் பொதுவாக மேலாக இருந்தார்கள். ஆனால் வீட்டு நிலைமை மாறியபோது பிள்ளைகளும் மாறினார்கள், நல்லதற்கும் கெட்டதற்கும். ஆயிரம் நாளில் கதவு சாத்தப்படுகிறது என்று அந்த ஆய்வு சொல்லவில்லை.

பொன்னம்மாப்பேட்டைப்பெண் எழுதியது:

அக்கா, அண்ணா, ஐயா, எல்லோருக்கும் நன்றி. இந்த ஞாயிறு மகளிடம் சொல்லிவிட்டுத்தான் வாசல் வழியாகக் கிளம்பினேன். தெருவே கேட்கும்படி அழுதாள். அம்மாவுக்கு என்மேல் கடுங்கோபம், "பிள்ளையை அழவைத்துப் பார்க்கும் படிப்பு என்ன படிப்பு" என்றார். ஆனால் நான் பஸ் ஏறுவதற்குள் போன் செய்து, முறுக்கு தின்கிறாள் என்றார்.

ஓசூர் வரச் சம்மதித்துவிட்டார். கோட்டை மாரியம்மன் ஆடிப் பண்டிகைக்குச் சேலத்தில் இருக்க வேண்டும் என்பது மட்டும் நிபந்தனை. காப்பகத்தையும் போய்ப் பார்த்தேன். சுத்தமாக இருக்கிறது. ஆனால் ஆயாக்களை மாதம் ஒருமுறை பிரிவு மாற்றுவார்களாம், "எல்லாப் பிள்ளைகளும் எல்லோரிடமும் பழக வேண்டும்" என்பது அவர்கள் விளக்கம். இது சரியா, அக்கா?

மிளகுக்கொடி எழுதியது:

சரியில்லை. பெரிய பிள்ளைகளுக்கு வேண்டுமானால் பரவாயில்லை, இரண்டு வயதுக்குக் கீழே கூடாது. உங்கள் மகளுக்கென்று ஓர் ஆயாவைக் குறித்து, குறைந்தது ஆறு மாதம் மாற்றாமல் வைக்கும்படி எழுதிக் கொடுத்துக் கேளுங்கள். கைக்குழந்தை வைத்திருக்கும் மற்ற தாய்மாரையும் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள், தனியாகக் கேட்டால் காதில் விழாது. ஓர் ஆயாவிடம் எத்தனை கைக்குழந்தைகள் என்பதையும் கேட்டு வாங்குங்கள். சட்டப்படி 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் காப்பகம் இருக்க வேண்டும், தாய் நாளுக்கு நான்கு முறை போய்ப் பார்க்கலாம், ஓய்வு இடைவேளையும் அந்தக் கணக்கில் சேரும். மேலாளர் முகம் சுளித்தாலும் நான்கு முறையும் போங்கள். முதல் வாரம் அரை நாள் மட்டும் விடுங்கள், அம்மாயியைக் காப்பகத்துக்குள் உட்கார அனுமதிப்பார்களா என்று இன்றே கேட்டுவிடுங்கள்.