பூனைக்குத் தெள்ளுப் பட்டி: கழற்றுவதா? நாய் மருந்தில் பாதி விடலாமா? அவசர உதவி தேவை

உவர்மலைவாசி:

வணக்கம். திருகோணமலை உவர்மலையில் இருக்கிறோம். வீட்டில் மூன்று நிறப் பெண் பூனை ஒன்று இருக்கிறது. எடை மூன்று கிலோ அளவில் இருக்கும். ஐந்து வாரக் குட்டிகள் மூன்று இன்னும் பால் குடிக்கின்றன. தாய்க்கும் குட்டிகளுக்கும் தெள்ளு பெருகிவிட்டது. குட்டியின் வயிற்று மயிரை விலக்கிப் பார்த்தால் மிளகுத்தூள் தூவியதுபோலக் கறுப்புத் துகள்கள், அவற்றுக்கிடையே தெள்ளு ஓடுகிறது.

மாமி நகரத்துக் கடையொன்றில் தெள்ளுப் பட்டி வாங்கிவந்து முந்தாநாள் தாய்ப்பூனையின் கழுத்தில் கட்டினார். பெட்டியில் நாய்ப்படமும் பூனைப்படமும் இருக்கின்றன. எழுத்து எங்களுக்குத் தெரியாத மொழி. உள்ளே என்ன மருந்து என்று எங்கும் இல்லை. பட்டியைத் தொட்டால் விரலில் வெள்ளைத் தூள் ஒட்டுகிறது, கடும் நெடி வேறு. இன்று காலை பார்த்தால் பட்டி படும் இடத்தில் மயிர் உதிர்ந்து தோல் சிவந்திருக்கிறது. சாப்பிடுகிறாள், நடக்கிறாள். ஆனால் பின்காலால் கழுத்தைப் பிறாண்டிக்கொண்டே இருக்கிறாள்.

பக்கத்து வீட்டு அண்ணா தன் நாய்க்கு வாங்கிய துளிமருந்து வைத்திருக்கிறார், முதுகில் விடுவது. "பூனை சின்னதுதானே, பாதி விட்டால் போதும்" என்கிறார். நாளைக் காலை விடலாம் என்று அம்மாவும் சொல்கிறார். விடலாமா? பட்டி இருக்கட்டுமா? குட்டிகளுக்கு என்ன செய்வது?

சாம்பல்தீவு அக்கா:

தங்கச்சி, இதை வாசித்தவுடன் பட்டியைக் கழற்றிவிடுங்கள். நாய் மருந்தை ஒரு துளிகூட விடவேண்டாம். அம்மாவிடம் இப்போதே சொல்லிவிடுங்கள், காலைவரை வைத்திருக்க வேண்டாம்.

எங்கள் வீட்டில் வாடகைக்கு இருந்த குடும்பம் தங்கள் ஆண் பூனைக்கு மாலையில் நாய்த் துளிமருந்தை விட்டார்கள். விடியும் முன்னே அவன் காதுகள் தனித்தனியாகத் துடிக்கத் தொடங்கின. பிறகு முன்கால்களை, தண்ணீர் பட்டதுபோல, மாறிமாறி உதறினான். முதுகுத் தோல் தானாக அலைந்தது. விளையாடுகிறான் என்று நினைத்து அவர்களுடைய பிள்ளை சிரித்தது. ஒரு மணித்தியாலத்தில் நிற்கமுடியாமல் விழுந்து வலிப்பு வந்தது. துவாயில் சுற்றிக்கொண்டு மிருக வைத்தியரிடம் ஓடினார்கள். ஊசி போட்டு, சேலைன் ஏற்றி, மூன்றாம் நாள்தான் அவன் தலையைத் தூக்கினான். பிழைத்தான். எல்லாப் பூனைகளும் பிழைப்பதில்லை.

கிண்ணியா நானா:

அந்த நாய் மருந்துப் பெட்டியை வாங்கி, பின்புறத்தில் சிறிய எழுத்தில் இருப்பதை அப்படியே இங்கே எழுதுங்கள். பெர்மெத்ரின் என்ற பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் பேச்சே இல்லை, பூனைக்கு அது நஞ்சு.

பாலையூற்று ஐயா:

பிள்ளைகளே, இந்தக் கடை மருந்துகள் எதற்கு? வேப்பெண்ணெயில் கற்பூரம் கரைத்துத் தடவுங்கள். எங்கள் வீட்டு மாடுகளுக்கு அதுதான். உண்ணியும் போகும், தெள்ளும் போகும்.

உவர்மலைவாசி:

பட்டியைக் கழற்றிவிட்டேன். நன்றி அக்கா, அம்மாவிடம் உங்கள் பதிலை வாசித்துக் காட்டினேன்.

நானா, அண்ணாவின் பெட்டியில் இமிடாகுளோபிரிட் 10 சதவீதம், பெர்மெத்ரின் 50 சதவீதம் என்று இருக்கிறது. பூனையின் படத்துக்குக் குறுக்கே கோடும் போட்டிருக்கிறார்கள். அண்ணா அதைக் கவனிக்கவில்லை. ஆனால் அவர் கேட்பது, பாதிக்குப் பாதி விட்டால் என்ன என்று. அவருக்கு என்ன சொல்வது?

விலங்கு மருத்துவமனை உதவியாளர்:

செல்லப்பிராணி மருத்துவமனையொன்றில் பல வருடங்கள் உதவியாளராக வேலை செய்தவன் நான். வைத்தியர் அல்லன். அண்ணாவுக்குச் சொல்ல வேண்டியது இதுதான்: இங்கே பாதி, கால் என்ற கணக்குக்கே இடமில்லை. நாயின் ஈரல் பெர்மெத்ரினைச் சிதைத்து வெளியேற்றிவிடும். பூனையின் ஈரலில் அந்த வேலையைச் செய்யும் நொதி மிகக் குறைவு. அதனால் மருந்து உடலிலேயே தங்கி நரம்புகளைத் தாக்குகிறது. 50 சதவீத மருந்து ஒரு மில்லிலீட்டரில் ஏறத்தாழ 500 மில்லிகிராம் இருக்கும். அதில் பாதி என்றால் 250. மூன்று கிலோப் பூனைக்கு அது கொல்லும் அளவாகலாம். மனிதரின் பேனுக்குப் போடும் லோஷனில் இதே மருந்து ஒரு சதவீதந்தான் என்பதையும் அவரிடம் சொல்லுங்கள்.

இன்னொன்றையும் அண்ணாவிடம் கேளுங்கள். அவருடைய நாய்க்கு அந்த மருந்து விட்டு எத்தனை நாள்? உங்கள் பூனை அந்த நாயோடு படுக்குமா, அதன் முதுகை நக்குமா? மருந்து விட்ட நாயோடு ஒட்டிப் படுத்த பூனைகளுக்கும் நடுக்கம் வந்திருக்கிறது. குறைந்தது மூன்று நாள் இரண்டையும் பிரித்து வையுங்கள்.

இனிக் கழற்றிய பட்டி. உள்ளே என்ன இருக்கிறதென்று தெரியாததுதான் அதன் முதல் ஆபத்து. மலிவுப் பட்டிகளில் டெட்ராகுளோர்வின்பொஸ், புரொபொக்சர் போன்ற பழைய பூச்சிகொல்லிகள் வருவதுண்டு. பட்டி கட்டிய பிராணியோடு விளையாடும் சிறு பிள்ளைகளுக்கு ஆபத்து என்று புரொபொக்சர் பட்டிகளை நிறுத்த அமெரிக்காவில் 2014இல் உடன்பாடு எட்டப்பட்டது. உங்கள் விரலில் ஒட்டிய தூள் குட்டிகளின் வாய்க்குள்ளும் போகும், தாயோடு ஒட்டித்தானே பால் குடிக்கின்றன? ஆகவே இன்றே தாயின் கழுத்தை இளஞ்சூட்டு நீரிலும் பாத்திரம் கழுவும் திரவத்திலும் இரண்டு தரம் கழுவி, துவாயால் ஈரம் போகத் துடையுங்கள். சுடுநீர் வேண்டாம். தோலின் இரத்தக்குழாய்கள் விரிந்து மருந்து இன்னும் வேகமாக உள்ளே போகும். காயும்வரை குட்டிகளை அண்டவிடாதீர்கள். நீங்களும் கையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள்.

எச்சில் வடிதல், வாந்தி, வயிற்றோட்டம், கண்ணின் கருமணி ஊசிமுனை அளவுக்குச் சுருங்குதல், மூச்சுத் திணறல், காது முகத் துடிப்பு, தள்ளாட்டம், இவற்றில் ஒன்று கண்டாலும் காத்திருக்க வேண்டாம். பட்டியையும் பெட்டியையும் எடுத்துக்கொண்டு வைத்தியரிடம் போங்கள். பெர்மெத்ரின் நஞ்சுக்கு முறிமருந்து கிடையாது. ஆனால் நடுக்கத்தை அடக்கும் மருந்துகளும் தாங்கு சிகிச்சையும் நேரத்துக்குக் கிடைத்தால் பெரும்பாலான பூனைகள் தேறிவிடுகின்றன. வலிப்பு வந்த பூனையின் வாயில் பாலோ எண்ணெயோ ஊற்றாதீர்கள், மூச்சுக்குழாய்க்குள் போய்விடும். அருகிலுள்ள மிருக வைத்தியரின் தொலைபேசி இலக்கத்தை இன்றே எழுதி வையுங்கள். இரவு பதினொரு மணிக்குத் தேடினால் கிடைக்காது.

பாலையூற்று ஐயா, மாட்டுக்கு நீங்கள் சொல்வது ஒரு கதை, பூனைக்கு வேறு கதை. மாடு தன் உடல் முழுவதையும் நக்குவதில்லை. பூனை நாள் முழுக்க நக்கும். தோலில் தடவியது எதுவானாலும் வயிற்றுக்குள் போய்விடும். கற்பூரம் பூனைக்கு நஞ்சு. வேப்பெண்ணெய் தடவி நடுக்கமும் எச்சிலும் கண்ட பூனைகள் உண்டு. யூக்கலிப்டஸ் தைலம், தேயிலை மரத் தைலம், உள்ளி, மண்ணெண்ணெய், அலுமாரியில் போடும் பூச்சி உருண்டை எல்லாவற்றையும் பூனையிடமிருந்து தள்ளியே வையுங்கள்.

பாலையூற்று ஐயா:

அப்படியா தம்பி. நக்குவதைப் பற்றி நீங்கள் சொன்னது நியாயம். தங்கச்சி, நான் சொன்னதை விட்டுவிடுங்கள்.

நிலாவெளி:

பட்டி எல்லாமே கெட்டதா? வெளிநாட்டில் இருக்கும் அக்கா செரெஸ்டோ பட்டி அனுப்பவா என்று கேட்கிறார். அதனாலும் பல பிராணிகள் செத்தன என்று செய்தியில் வந்ததே?

விலங்கு மருத்துவமனை உதவியாளர்:

அந்தச் செய்தி 2021இல் வந்தது. 2012 முதல் அமெரிக்க அரசுக்கு வந்த முறைப்பாடுகளில் ஏறத்தாழ 1,700 மரணங்கள் அந்தப் பட்டியோடு சேர்த்துச் சொல்லப்பட்டிருந்தன. முறைப்பாடு வந்ததாலேயே பட்டிதான் காரணம் என்று ஆகாது. அந்நாட்டுச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை ஆராய்ந்து 2023 ஜூலையில் விற்பனையைத் தொடர அனுமதித்தது. ஆனால் ஐந்து வருடத்துக்கு மட்டும், கூடுதல் எச்சரிக்கையோடும் கண்காணிப்போடும். பட்டியே காரணமாக இருக்கலாம் என்று அவர்கள் கண்ட மரணங்களில் நடந்தது நஞ்சேறியது அல்ல, பட்டி எதிலோ சிக்கி, கழன்றுவிடும் பொறி வேலை செய்யாமல் கழுத்து இறுகியது. வேலியும் கொய்யா மரமும் ஏறும் நம் பூனைகளுக்கு இது பெரிய விடயம். எந்தப் பட்டியானாலும் இழுத்தால் கழன்றுவிட வேண்டும், கழுத்துக்கும் பட்டிக்கும் இடையே இரண்டு விரல் நுழைய வேண்டும், மிஞ்சிய நீளத்தை வெட்டிவிட வேண்டும்.

அதில் இமிடாகுளோபிரிட் 10 சதவீதமும் ஃபுளூமெத்ரின் 4.5 சதவீதமும் இருக்கின்றன. ஃபுளூமெத்ரின் பெர்மெத்ரினின் உறவுதான், ஆனால் மிக மெதுவாக வெளிவருவதால் பூனை தாங்குகிறது. பத்து வாரத்துக்குக் குறைந்த குட்டிக்குக் கூடாது. போலிகள் நிறைய உண்டு, அக்காவை மிருக வைத்தியர் மூலமாக வாங்கச் சொல்லுங்கள். பால் கொடுக்கும் தாய்க்கு நான் பட்டி சொல்லமாட்டேன். செலமெக்டின் துளிமருந்து பால் கொடுக்கும் பூனைக்கும் விடக்கூடியது, எடை பார்த்து வைத்தியர் தருவார். ஃபிப்ரோனில் என்ற தெள்ளுத் துளிமருந்தில் பூனைக்கென்றே 0.5 மில்லிலீட்டர் குழாய் இருக்கிறது. எட்டு வாரம் தாண்டியிருக்க வேண்டும். வீட்டில் முயல் இருந்தால் அதன்மேல் ஃபிப்ரோனில் படவே கூடாது.

சாம்பல்தீவு அக்கா:

குட்டிகளைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. தங்கச்சி, முதலில் குட்டிகளின் முரசை, அதாவது பல் ஈறைப் பாருங்கள். வெளிறியிருந்தால் தெள்ளு இரத்தம் குடித்துச் சோகை வந்துவிட்டது, உடனே வைத்தியரிடம் கொண்டுபோங்கள். நல்ல சிவப்பாக இருந்தால் நெருக்கமான பேன் சீப்பை எடுங்கள். கழுத்திலிருந்து வால்வரை வாருங்கள், ஒவ்வொரு இழுப்புக்கும் சீப்பைச் சவர்க்காரத் தண்ணீரில் முக்குங்கள். வெறும் தண்ணீரில் தெள்ளு மிதந்து துள்ளிப் போய்விடும், சவர்க்காரம் இருந்தால் அமிழ்ந்துவிடும். அந்தக் கறுப்புத் துகளை ஈரமான வெள்ளைத் துணியில் ஒற்றினால் செம்பழுப்பாகப் படரும். அது குட்டியின் இரத்தம். காலையும் மாலையும் வாருங்கள். குளிப்பாட்டினால் ஒவ்வொன்றாகக் குளிப்பாட்டி நன்றாகத் துவட்டுங்கள், குளிர் பிடித்தால் இந்த வயதுக் குட்டி தாங்காது.

கிண்ணியா நானா:

வீட்டையும் பாருங்கள். பூனை உடம்பில் தெரியும் தெள்ளு மொத்தத்தில் இருபதில் ஒரு பங்குதான். மிச்சம் முட்டையாகவும் புழுவாகவும் கூட்டுப்புழுவாகவும் பாயிலும் சாக்கிலும் கட்டிலுக்கடியிலும் கிடக்கிறது. ஒரு பெண் தெள்ளு நாளொன்றுக்கு 40 முட்டைகூட இடும். குட்டிகள் படுக்கும் துணியைக் கொதிநீரில் அவித்துத் துவையுங்கள். இப்போது கச்சான் காற்றும் வெயிலும் இருக்கும் காலம், பாய் தலையணை எல்லாவற்றையும் முற்றத்தில் காயப்போடுங்கள். புழு வரண்ட வெயிலில் செத்துவிடும். மாரி தொடங்கிவிட்டால் இந்த வாய்ப்புக் கிடைக்காது. மூலைமுடுக்கெல்லாம் கூட்டி, குப்பையைக் கட்டி வெளியே போடுங்கள்.

கூட்டுப்புழுவை எந்த மருந்தும் எளிதில் கொல்லாது. அதனால் மருந்து விட்ட பிறகும் சில வாரங்களுக்குப் புதுத் தெள்ளு வரும். மருந்து வேலை செய்யவில்லை என்று நினைத்து நாள் வருமுன் இரண்டாம் தரம் விட்டுவிடாதீர்கள், பட்டியும் துளிமருந்துமாகச் சேர்த்தும் போடாதீர்கள்.

உவர்மலைவாசி:

எல்லோருக்கும் நன்றி. கழுத்தைக் கழுவிவிட்டேன், பிறாண்டுவது குறைந்திருக்கிறது. கருமணியும் சரியாக இருக்கிறது. ஒரு குட்டியின் முரசு மட்டும் மற்ற இரண்டையும்விட வெளிறியிருக்கிறது. நாளைக் காலை தாயையும் மூன்று குட்டிகளையும் கூடையில் வைத்து மிருக வைத்தியரிடம் கொண்டுபோகிறோம், அண்ணாவே ஓட்டோவில் கூட்டிப்போகிறேன் என்கிறார். அவருடைய நாய்க்கு மருந்து விட்டு இரண்டு வாரம் ஆகிவிட்டதாம்.

கழற்றிய பட்டியை என்ன செய்வது? மாமி அதை ஆட்டுக்குக் கட்டலாமா என்று கேட்கிறார்.

விலங்கு மருத்துவமனை உதவியாளர்:

வெளிறிய குட்டியை முதலில் காட்டுங்கள், முடிந்தால் இன்று மாலையே. பட்டியை ஆட்டுக்குக் கட்டவேண்டாம், எரிக்கவும் வேண்டாம், கிணற்றடியில் கழுவவும் வேண்டாம். இந்த மருந்துகளில் பல, மீனுக்கும் நஞ்சு. பொலித்தீன் பையில் இறுக முடிந்து பெட்டியோடு வைத்தியரிடம் காட்டுங்கள். பார்த்து முடிந்ததும் பிள்ளைகள் கையில் படாமல் குப்பை வண்டியில் போட்டுவிடுங்கள்.