அவெர்த்தி: முதலில் கேட்டேன், பிறகுதான் பார்த்தேன்

பாரிஸில் ஓர் உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த காலம். அங்கே தலைமைச் சமையல்காரர் வானொலியை அணைக்கவே மாட்டார். ஒருநாள் அதில் ஒரு குரல். நாக்குச் சற்றே தடுக்க, மூச்சு வாங்காமல், யாரோ ஒரு பழைய பாடகியின், நிமிடத்துக்கு 78 சுற்று சுழலும் இசைத்தட்டைப் பற்றிச் சொந்த அக்காளைப் பற்றிச் சொல்வதுபோல் சொல்லிக்கொண்டே போனது. பாதி புரியவில்லை. குழாயை மூடிவிட்டுக் கேட்டேன்.

“அவெர்த்தி. தொலைக்காட்சியில் குழந்தையை அரைத்தவர்” என்றார் சமையல்காரர். திடுக்கிட்டுப் போனேன்.

தொலைக்காட்சி இயக்குநர் ழான் கிறிஸ்தோஃப் அவெர்த்தி 1928இல் பாரிஸில் பிறந்தவர். 1963இல் ‘லெ ரேஸேன் வெர்’ (பச்சைத் திராட்சைகள்) என்ற இசை, நகைச்சுவை நிகழ்ச்சியை இயக்கினார். அதில் ஒரு குழந்தைப் பொம்மை இறைச்சி அரைக்கும் எந்திரத்துக்குள் போகும். அன்று பிரான்ஸில் இருந்ததே ஒரே அலைவரிசை! பெட்டி வைத்திருந்தவர்கள் வேறெங்கும் திருப்பிவிட முடியாது. கொதித்தெழுந்து கடிதம் எழுதினார்கள்.

பல ஆண்டுகள் கழித்து, தேசிய நூலகத்தில் தொலைக்காட்சி ஆவணங்களைப் பார்க்கும் பிரிவுக்குப் போனேன். 1971இல் பாடகர் செர்ழ் கேன்ஸ்பூரையும் நடிகை ஜேன் பிர்கினையும் வைத்து அவர் எடுத்த ‘மெலடி’ என்ற இசைப்படத்தை முதலில் போட்டேன். நடிப்பவர்களை வெறும் அரங்கில் நிற்க வைத்து, பின்புலத்தை மின்னணு முறையில் நீக்கிவிட்டு, அந்த இடத்தில் ஓவியங்களையும் வண்ணங்களையும் நிரப்பியிருக்கிறார். நிஜமான சுவர், நிஜமான தரை எதுவும் அவருக்கு வேண்டியதில்லை. கணினியில் காட்சிகளை உருவாக்கும் வசதி வராத காலத்தில் இது எவ்வளவு பெரிய உழைப்பு!

அடுத்துப் பார்த்ததுதான் என்னை ஆட்கொண்டது. 1965 ஜூலையில் தென்பிரான்ஸின் கடலோர ஊரான ழுவான் லெ பேனில் நடந்த ஜாஸ் விழாவை அவர் படமாக்கியது. அமெரிக்க சாக்ஸஃபோன் கலைஞர் ஜான் கோல்ட்ரேன் வாசிக்கிறார். கருப்பு வெள்ளைப் படம். இங்கே தந்திரக் காட்சி ஒன்றுகூட இல்லை. சாக்ஸஃபோன் சாவிகளில் ஓடும் விரல்கள், இறுக மூடிய கண்கள், டிரம்ஸ் வாசிக்கும் எல்வின் ஜோன்ஸின் முகத்தில் வழியும் வியர்வை, அவ்வளவுதான். பொம்மையை அரைத்த அதே மனிதரா இவர் என்று நம்பவே முடியவில்லை. தன் கற்பனைக்கு அரங்கத்தை எடுத்துக்கொண்டவர், கோல்ட்ரேன் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றுவிட்டார். என் கண்ணுக்கு அவருடைய மேதைமை இந்த அடக்கத்தில்தான் இருக்கிறது. எங்கே விளையாட வேண்டும், எங்கே ஒதுங்க வேண்டும் என்று தெரிந்தவர். இன்றைய இசை ஒளிபரப்புகளில் ஒரு விரலை முழுதாகப் பார்ப்பதற்குள் காட்சி மாறிவிடுகிறது. எனக்கு ஆத்திரமாக வருகிறது.

வானொலியில் நான் கேட்ட அந்த நிகழ்ச்சி ‘லெ சேங்லே து மியூசிக் ஹால்’ (மியூசிக் ஹால் பைத்தியங்கள்). 1978இல் தொடங்கி 2006 வரை நடத்தினார். 2017 மார்ச்சில் அவர் இறந்த செய்தியைப் படித்த இரவு, அந்த ஜாஸ் காட்சியை இணையத்தில் தேடி எடுத்துப் பார்த்தேன். வீட்டில் எல்லோரும் தூங்கிவிட்டார்கள். ஒலியைக் குறைக்க மனம் வரவில்லை.